டோனா ரீட்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

பழைய அமெரிக்கப் படங்களைத் தேடிப் பார்ப்பவர்களுக்கு டோனா ரீடின் முகம் பழக்கமானதுதான். ஆனால் அவரைப் பற்றிய பேச்சு பெரும்பாலும் இரண்டு படங்கள், ஒரு தொலைக்காட்சித் தொடர், "அமெரிக்காவின் அன்பான அம்மா" என்ற பட்டம் ஆகியவற்றோடு முடிந்துவிடுகிறது. அந்தப் பட்டம் அவருக்குப் போதாது. தனக்கு வந்த வேலையைக் கூர்ந்து கவனித்தவர், கிடைக்காத வேலையைத் தானே உருவாக்கிக்கொண்டவர், தேவைப்பட்டபோது எதிர்த்து நின்றவர் அவர். அப்படித்தான் அவரை நான் பார்க்கிறேன். கீழே உள்ள பதில்களும் அந்தப் பார்வையில் எழுதப்பட்டவையே.

டோனா ரீட் யார்? சுருக்கமாகச் சொல்லுங்கள்.

1921 ஜனவரி 27 அன்று அமெரிக்காவின் அயோவா மாநிலத்தில் பிறந்த நடிகை. 1941-இல் திரையுலகுக்கு வந்தார். 1953-இல் வெளியான 'ஃப்ரம் ஹியர் டு எடர்னிடி' படத்துக்காகச் சிறந்த துணை நடிகைக்கான ஆஸ்கர் விருது பெற்றார். 1958 முதல் 1966 வரை தன் பெயரையே தாங்கிய 'தி டோனா ரீட் ஷோ' தொடரில் நடித்தார். 1986 ஜனவரி 14 அன்று காலமானார். 65-ஆவது பிறந்தநாளுக்கு இரண்டு வாரங்கள்கூட மீதம் இல்லை.

அவருடைய இயற்பெயர் என்ன? சினிமாவுக்கு எப்படி வந்தார்?

இயற்பெயர் டோனா பெல் முல்லெங்கர். டெனிசன் என்ற சிற்றூருக்கு அருகே இருந்த பண்ணையில், ஐந்து குழந்தைகளில் மூத்தவராக வளர்ந்தார். 1930-களின் பொருளாதாரப் பெருமந்தம் அயோவாவின் விவசாயிகளைக் கடுமையாகத் தாக்கிய காலம் அது. மூத்த மகள் என்றால் வீட்டு வேலை, மாட்டு வேலை இரண்டும் அவர் தலையில்தான். பள்ளிப் படிப்பு முடிந்ததும் 1938-இல் கலிஃபோர்னியாவில் இருந்த அத்தை வீட்டுக்குப் போய், லாஸ் ஏஞ்சலிஸ் நகரக் கல்லூரியில் சேர்ந்தார். செலவு குறைவு என்பதுதான் அந்தக் கல்லூரியைத் தேர்ந்தெடுக்கக் காரணம். செயலாளர் வேலைக்குப் படித்துக்கொண்டே கல்லூரி நாடகங்களிலும் நடித்தார்.

கல்லூரியின் அழகு ராணியாகத் தேர்ந்தெடுக்கப்பட்டபோது அவர் படம் செய்தித்தாளில் வெளியானது. அதைப் பார்த்த ஸ்டூடியோக்கள் அழைத்தன. 1941-இல் எம்.ஜி.எம். நிறுவனத்தோடு ஒப்பந்தம் செய்துகொண்டார். முதலில் 'டோனா ஆடம்ஸ்' என்று பெயர் வைத்தார்கள். விரைவிலேயே அது 'டோனா ரீட்' ஆனது. அந்தப் பெயரை அவர் தேர்ந்தெடுக்கவில்லை. நடிகர்களின் பெயரை முடிவு செய்வது ஸ்டூடியோவின் உரிமையாக இருந்த காலம்.

அந்தக் கால ஸ்டூடியோ ஒப்பந்தம் என்பது எப்படி இருந்தது?

இதைப் புரிந்துகொண்டால்தான் அவர் பயணத்தின் பிற்பகுதி புரியும்.

வழக்கமான ஒப்பந்தம் ஏழு ஆண்டுகளுக்கு. நடிகர் ஏழு ஆண்டும் கட்டுப்பட்டவர். ஸ்டூடியோவோ குறிப்பிட்ட இடைவெளிகளில் அவரை விலக்கிவிடலாம். கொடுத்த வேடத்தை மறுத்தால் சம்பளமில்லாமல் நிறுத்தி வைப்பார்கள். நிறுத்தி வைத்த காலத்தை ஒப்பந்தத்தின் கடைசியில் சேர்த்துக்கொள்ளவும் செய்தார்கள். நடிகை ஒலிவியா டி ஹாவிலண்ட் நீதிமன்றத்துக்குப் போய், 1944-இல் அந்தப் பழக்கத்துக்கு முடிவு கட்டினார். ஒரு ஸ்டூடியோ தன் நடிகரை இன்னொரு ஸ்டூடியோவுக்கு வாடகைக்கு அனுப்பிக் கூடுதல் பணத்தைத் தானே வைத்துக்கொள்வதும் சாதாரண நடைமுறை.

இந்த ஏற்பாட்டில் ரீடுக்குக் கிடைத்தவை பெரும்பாலும் நல்ல தங்கை, நல்ல காதலி, நல்ல நர்ஸ் வேடங்கள். 'ஷேடோ ஆஃப் த தின் மேன்' (1941), 'தி ஹியூமன் காமெடி' (1943), 'தி பிக்சர் ஆஃப் டோரியன் கிரே' (1945) ஆகியவை அந்தக் காலத்தவை. இவற்றில் எனக்குப் பிடித்தது ஜான் ஃபோர்டு இயக்கிய 'தே வேர் எக்ஸ்பெண்டபிள்' (1945). பிலிப்பைன்ஸில் பின்வாங்கிக்கொண்டிருக்கும் அமெரிக்கப் படையில் ஒரு ராணுவ நர்ஸ். குறைந்த வசனம். அறுவை சிகிச்சைக் காட்சியில் களைத்துப்போன கண்களோடு அவர் நிற்கும் நிலை ஒன்றே போதும். இருபத்து நான்கு வயதில், எதையும் மிகைப்படுத்தாமல் காட்சியைத் தாங்கத் தெரிந்திருக்கிறது.

போர்க்காலத்தில் வீரர்கள் அவருக்கு எழுதிய கடிதங்கள் பற்றிச் சொல்லுங்கள்.

இரண்டாம் உலகப் போரின்போது படைவீரர்கள் நடிகைகளின் படங்களைத் தங்கள் முகாம்களில் ஒட்டி வைத்தார்கள். பெட்டி கிரேபிள், ரீட்டா ஹேவொர்த் போன்றவர்களின் படங்கள் கவர்ச்சிக்காகப் புகழ் பெற்றவை. டோனா ரீடுக்கு எழுதியவர்கள் வேறு தொனியில் எழுதினார்கள். ஊரில் விட்டுவந்த தங்கைக்கோ பக்கத்து வீட்டுப் பெண்ணுக்கோ எழுதுவதுபோல உணவு, வெயில், சலிப்பு, வீட்டு நினைவு பற்றியெல்லாம் எழுதினார்கள்.

அவற்றில் 341 கடிதங்களை அவர் பத்திரமாக வைத்திருந்தார். அதைப் பற்றிப் பெரிதாக யாரிடமும் சொல்லிக்கொள்ளவில்லை. அவர் இறந்து பல ஆண்டுகளுக்குப் பிறகே, வீட்டுக் கார் கொட்டகையில் இருந்த பழைய பெட்டி ஒன்றில் குடும்பத்தார் அவற்றைக் கண்டெடுத்தார்கள். 2009-இல் 'நியூயார்க் டைம்ஸ்' அதைச் செய்தியாக வெளியிட்டது. எழுதியவர்களில் சிலர் வீடு திரும்பவில்லை. ஆயிரக்கணக்கில் ரசிகர் கடிதங்கள் வந்து குவிந்த தொழிலில், இந்த 341-ஐ நாற்பது ஆண்டுகளுக்கு மேல் விடாமல் வைத்திருந்திருக்கிறார். பின்னாளில் போருக்கு எதிராக அவர் நின்றதை விளக்குவதற்கு இதைவிட வேறு சான்று எனக்குத் தேவைப்படவில்லை.

அணுகுண்டு பற்றிய படத்துக்கும் அவருக்கும் தொடர்பு உண்டு என்கிறார்களே, உண்மையா?

உண்மைதான். டெனிசன் பள்ளியில் அவருக்கு வேதியியல் கற்பித்த எட்வர்ட் டாம்ப்கின்ஸ், போர்க்காலத்தில் அமெரிக்காவின் ரகசிய அணுகுண்டுத் திட்டத்தில் வேலை செய்தார். ஹிரோஷிமாவுக்குப் பிறகு ஆசிரியருக்கும் பழைய மாணவிக்கும் இடையே கடிதத் தொடர்பு ஏற்பட்டது. அணு ஆயுதத்தின் அபாயத்தைப் பொதுமக்களுக்குச் சொல்ல ஒரு திரைப்படம் வேண்டும் என்று டாம்ப்கின்ஸ் வலியுறுத்தினார். ரீடும், 1945-இல் அவர் மணந்துகொண்ட டோனி ஓவெனும் அதை எம்.ஜி.எம்.மின் காதுக்குக் கொண்டுசென்றார்கள். 1947-இல் 'தி பிகினிங் ஆர் தி எண்ட்' என்ற படமாக அது வெளியானது. விஞ்ஞானிகள் விரும்பிய எச்சரிக்கை அந்தப் படத்தில் வெகுவாக நீர்த்துப்போயிருந்தது. ரீட் அதில் நடிக்கவில்லை.

'இட்ஸ் எ ஒண்டர்ஃபுல் லைஃப்' வெளியானபோது தோல்வியடைந்த படமா?

ஆம், போட்ட பணம் திரும்பவில்லை. 1946 டிசம்பரில் வெளியான இந்தப் படம் ஐந்து ஆஸ்கர் பரிந்துரைகளைப் பெற்றும் வசூலில் நட்டப்பட்டது. இயக்குநர் ஃபிராங்க் காப்ரா, நண்பர்களோடு சேர்ந்து போருக்குப் பின் தொடங்கிய லிபர்டி ஃபிலிம்ஸ் நிறுவனம் அதற்குப் பிறகு நீடிக்கவில்லை. ரீடை எம்.ஜி.எம். இந்தப் படத்துக்கு வாடகைக்கு அனுப்பியிருந்தது. காப்ரா முதலில் விரும்பியது ஜீன் ஆர்தரை.

படத்தைக் காப்பாற்றியது ஒரு கவனக்குறைவு. 1974-இல் பதிப்புரிமையைப் புதுப்பிக்க வேண்டியவர்கள் அதைச் செய்யத் தவறினார்கள். அதனால் அமெரிக்காவின் உள்ளூர்த் தொலைக்காட்சி நிலையங்கள் செலவில்லாமல் கிறிஸ்துமஸ் காலத்தில் திரும்பத் திரும்ப ஒளிபரப்பின. வெளிவந்தபோது படத்தைப் பார்க்காத ஒரு தலைமுறை, அதைத் தன் குடும்பப் படமாக்கிக்கொண்டது. 1990-களில் உரிமை மீண்டும் நிறுவப்பட்டது என்பது வேறு கதை.

ஜேம்ஸ் ஸ்டூவர்ட் நடித்த ஜார்ஜ் பெய்லியின் மனப்போராட்டத்தைச் சுற்றியே விமர்சகர்கள் எழுதுவார்கள். ஆனால் கதையில் செயல்படுபவர் யார் என்று பாருங்கள். வங்கியில் மக்கள் பணத்தைத் திருப்பிக் கேட்டு முண்டியடிக்கும்போது தேனிலவுப் பணத்தை எடுத்து நீட்டுபவர் ஜார்ஜின் மனைவியாக ரீட் நடித்த மேரி. இடிந்து கிடந்த வீட்டைச் சுவர்தாள் ஒட்டிக் குடியிருக்கத் தக்கதாக்குபவர் மேரி. கடைசியில் ஊரைத் திரட்டிக் கணவனை மீட்பவரும் மேரிதான். ஜார்ஜ் தவித்துக்கொண்டிருக்கும் நேரத்திலெல்லாம் மேரி முடிவெடுத்துவிடுகிறார். அதை உரக்கச் சொல்லாமல் நடித்துக்காட்டியது ரீடின் திறமை.

தொலைபேசிக் காட்சியைத் தனியாகக் குறிப்பிட வேண்டும். ஒரே ரிசீவரில் இருவரும் காதை வைத்து மூன்றாமவரின் பேச்சைக் கேட்கிறார்கள். பேசப்படுவது பிளாஸ்டிக் தொழிலில் முதலீடு. காமெரா அசையாமல் இரண்டு முகங்களையும் நெருக்கத்தில் பிடித்திருக்கிறது. ரீடின் பார்வை ஸ்டூவர்ட்டின் உதடுகளுக்குப் போய், நழுவி, மீண்டும் போகிறது. குரல் மட்டும் சாதாரணமாகப் பேச முயல்கிறது. காதல் காட்சி எடுக்கக் கற்றுக்கொள்பவர்கள் இதை ஒலியைக் குறைத்து வைத்து ஒருமுறை பார்க்க வேண்டும்.

அந்தப் படப்பிடிப்பில் அவர் பால் கறந்தார் என்பது உண்மையா?

படப்பிடிப்பிலிருந்து வந்து நிலைத்துவிட்ட கதைகள் இரண்டு. வில்லன் பாட்டராக நடித்த லயனல் பாரிமோர், இந்தப் பெண்ணா அயோவாப் பண்ணையில் வளர்ந்தவர் என்று நம்பாமல் ஐம்பது டாலர் பந்தயம் கட்டினார். மாட்டைக் கொண்டுவந்தார்கள், ரீட் கறந்து காட்டிப் பணத்தை வாங்கிக்கொண்டார். பாழடைந்த வீட்டின் கண்ணாடியைக் கல்லெறிந்து உடைக்கும் காட்சிக்குக் காப்ரா குறிபார்த்து எறியும் ஆளை ஏற்பாடு செய்திருந்தார். தேவைப்படவில்லை. ரீட் எறிந்த கல்லே கண்ணாடியை உடைத்தது.

ஆஸ்கர் வாங்கித்தந்த வேடம் என்ன? ஏன் அது அவ்வளவு பேசப்பட்டது?

எம்.ஜி.எம்.மை விட்டு வந்தபின் 1950-களின் தொடக்கத்தில் அவர் கொலம்பியாவின் ஒப்பந்த நடிகை. அந்த ஸ்டூடியோ 'ஃப்ரம் ஹியர் டு எடர்னிடி' நாவலைப் படமாக்கியது. பேர்ல் துறைமுகத் தாக்குதலுக்கு முந்தைய மாதங்களில் ஹவாயில் இருந்த ராணுவ முகாமின் கதை. இயக்குநர் ஃபிரெட் ஜின்னமன், லொரீன் வேடத்துக்கு ஜூலி ஹாரிஸை விரும்பினார். கொலம்பியாவின் தலைவர் ஹாரி கோன் தன் நிறுவனத்தின் நடிகையே நடிக்க வேண்டும் என்று நின்றார்.

நாவலில் லொரீன் ஒரு பாலியல் தொழிலாளி. அன்றைய தணிக்கை விதி அதைத் திரையில் சொல்ல விடாது. ஆகவே படத்தில் அவர், வீரர்கள் வந்து போகும் 'கிளப்' ஒன்றில் அவர்களோடு பேசிப் பழகும் பெண். ஆனால் பார்வையாளர்களுக்குப் புரிந்தது. நல்ல பெண்ணாகவே பார்த்துப் பழகிய முகம் அந்த வேடத்தில் வந்ததால்தான் பேச்சு எழுந்தது. "வழக்கத்துக்கு மாறான தேர்வு" என்று இன்றும் எழுதுகிறார்கள்.

எனக்கு அது மாறான தேர்வாகவே தோன்றவில்லை. லொரீனின் கனவு என்ன? பணம் சேர்த்து, சொந்த ஊரான ஓரிகனுக்குத் திரும்பி, வீடு கட்டி, மரியாதையான இடத்தில் மரியாதையானவனை மணந்து வாழ்வது. மரியாதையாக இருப்பவருக்குப் பாதுகாப்பு உண்டு என்று அவர் நம்புகிறார். அந்த வசனத்தை ரீட் கண்ணீரோடு சொல்லவில்லை. கணக்குப் பார்த்து முடிவெடுத்துவிட்ட ஒருத்தியின் வறண்ட உறுதியோடு சொல்கிறார். அதுவரை அவர் நடித்த நல்ல பெண்கள் எல்லோரும் எந்த வாழ்க்கையில் இருந்தார்களோ, அதற்கு வெளியே நின்று அதையே வெறித்துப் பார்ப்பவள் லொரீன். இந்த வேடத்தில் ரீடைத் தவிர வேறொருவரைக் கற்பனை செய்வது எனக்குக் கடினம்.

கடைசிக் காட்சியும் முக்கியம். ஹவாயை விட்டுப் போகும் கப்பலில், முகாம் அதிகாரியின் மனைவியாக நடித்த டெபோரா கெர்ரின் அருகே லொரீன் நிற்கிறார். தன்னை மணக்கவிருந்தவர் விமானி என்றும், தாக்குதலின்போது வீரமரணம் அடைந்தார் என்றும் கதை சொல்கிறார். பெயரைச் சொன்னதும் கெர்ருக்குப் புரிந்துவிடுகிறது, அது பொய் என்று. மாண்ட்கோமரி கிளிஃப்ட் நடித்த ப்ரூவிட் விமானியல்ல, சாதாரணச் சிப்பாய். முகாமுக்குத் திரும்பும் வழியில் சொந்தப் படையின் தோட்டாவுக்கே பலியானவன். லொரீன் தான் சொல்வதைத் தானே நம்பத் தொடங்கிவிட்டவளாகப் பேசிக்கொண்டே போகிறாள். படம் அங்கேயே முடிகிறது. எட்டு ஆஸ்கர் விருதுகள் வாங்கிய பெரும் படத்தின் கடைசி நிமிடத்தைத் துணை நடிகை ஒருவரிடம் ஒப்படைத்திருக்கிறார்கள்.

ஆஸ்கருக்குப் பிறகு நல்ல வேடங்கள் வந்தனவா?

இல்லை. விருதுக்குப் பிறகு அவருக்குக் கிடைத்தவை கௌபாய் படங்களும், கதாநாயகனின் மனைவி வேடங்களும். 'தி ஃபார் ஹொரைசன்ஸ்' (1955) படத்தில் அவரை ஷோஷோனிப் பூர்வகுடிப் பெண்ணான சகாகவேயாவாக நடிக்கவைத்தார்கள். லூயிஸ்–கிளார்க் ஆய்வுப் பயணத்தோடு கண்டத்தின் பெரும்பகுதியைக் கடந்த வரலாற்றுப் பெண்மணி அவர். வெள்ளைக்கார நடிகைக்கு நிறம் பூசி அந்த வேடத்தைக் கொடுத்தது அன்றைய வழக்கம். வழக்கம் என்பதால் சரியாகிவிடாது. பூர்வகுடி நடிகைகளின் வாய்ப்பைப் பறித்தது மட்டுமல்லாமல், ரீடின் திறமையையும் வீணடித்த படம் அது.

'தி பென்னி குட்மேன் ஸ்டோரி' (1956) பரவாயில்லை. மற்றவற்றைச் சொல்லாமல் கடந்துவிடலாம்.

தன் நாற்பது படங்களின் காலத்தைப் பற்றிப் பின்னாளில் அவர் கசப்போடு பேசினார்: படப்பிடிப்பில் பெரிய முடிவாகக் கருதப்பட்டது அன்றைக்கு எந்த உள்ளாடை அணிய வேண்டும் என்பதுதான் என்றார். கையில் ஆஸ்கர் வைத்திருந்த ஒருவரின் சொற்கள் இவை.

அப்படியானால் தொலைக்காட்சிக்குப் போனது வீழ்ச்சிதானே?

அன்று பலர் அப்படித்தான் நினைத்தார்கள். 1950-களில் சினிமாக்காரர்களுக்குத் தொலைக்காட்சி கீழான இடம். பட வாய்ப்பு வற்றியவர்கள் போகும் இடம் என்ற எண்ணம் இருந்தது.

நான் அதை உயர்வு என்றே சொல்வேன். ரீடும் கணவர் டோனி ஓவெனும் 'டோடான்' என்ற நிறுவனத்தைத் தொடங்கினார்கள்; டோனி, டோனா இரண்டு பெயர்களும் சேர்ந்தது. கொலம்பியாவின் தொலைக்காட்சிப் பிரிவான ஸ்க்ரீன் ஜெம்ஸோடு சேர்ந்து தொடரைத் தயாரித்தார்கள். 1958 செப்டம்பர் 24 அன்று ஏ.பி.சி. வலையமைப்பில் முதல் அத்தியாயம் ஒளிபரப்பானது. தொடரில் தயாரிப்பாளர் என்று ஓவெனின் பெயர் மட்டுமே வரும். ஆனால் கதை, நடிகர் தேர்வு, இயக்குநர் எனப் பலவற்றில் ரீடின் சொல்லுக்கு எடை இருந்தது. சம்பள நடிகையாக இருந்தவர் முதலாளியானார். அன்றைய அமெரிக்கத் தொலைக்காட்சியில் அந்த நிலையில் இருந்த பெண்கள் சிலரே. லூசில் பால் அவர்களில் முதன்மையானவர்.

தொடக்கம் எளிதாக இல்லை. முதல் சீசனில் பார்வையாளர் எண்ணிக்கை மோசம். நிறுத்திவிடுவார்கள் என்ற பேச்சு இருந்தது. இரண்டாவது சீசனில் புதனிலிருந்து வியாழனுக்கு மாற்றிய பிறகே நிலைபெற்றது. அதன்பின் 1966 மார்ச் வரை எட்டு சீசன்கள், 275 அத்தியாயங்கள். எல்லாமே கறுப்பு வெள்ளை.

தொடரின் கதை என்ன?

ஹில்டேல் என்ற கற்பனை ஊரில் குழந்தை மருத்துவர் அலெக்ஸ் ஸ்டோனின் குடும்பம். கார்ல் பெட்ஸ் கணவர். ஷெல்லி ஃபபரே, பால் பீட்டர்சன் பிள்ளைகள். ஃபபரே வளர்ந்து வெளியேறியபோது, பீட்டர்சனின் சொந்தத் தங்கை பேட்டி பீட்டர்சன் தத்துப் பிள்ளையாக உள்ளே வந்தார். பேஸ்பால் வீரர்கள் டான் டிரைஸ்டேல், வில்லி மேஸ் ஆகியோர் தங்கள் சொந்தப் பெயரிலேயே தோன்றிய அத்தியாயங்களும் உண்டு.

பெண்களை அடுப்படியில் உட்காரவைத்த தொடர் என்ற குற்றச்சாட்டு நியாயமா?

ஒரு பகுதி நியாயம். முத்துமாலையும் குதிகால் செருப்புமாக வீடு கூட்டும் அம்மா என்று கேலி செய்வார்கள். அந்த உலகத்தில் பணக் கஷ்டம் இல்லை. வெள்ளையரல்லாதவர்கள் மிக அரிதாகவே கண்ணில் படுவார்கள். 1963-இல் பெட்டி ஃப்ரீடனின் நூல், குடும்பத் தலைவியின் மௌன வேதனையை வெளிப்படையாகப் பேசியபோது, இந்தத் தொடரின் புன்னகை பலருக்கு எரிச்சலூட்டியதில் வியப்பில்லை.

ஆனால் அத்தியாயங்களைப் பார்த்துவிட்டு விமர்சிக்க வேண்டும். ஓர் அத்தியாயத்தில், வானொலிப் பேட்டியாளர் பெண்களை "வெறும் குடும்பத் தலைவி" என்று சொல்வதைக் கேட்டு டோனா ஸ்டோன் பொங்குகிறார். ஊர்ப் பெண்களெல்லாம் அவர் பின்னால் திரள்கிறார்கள். அன்றைய குடும்ப நகைச்சுவைத் தொடர்களில் அப்பாதான் நடுநாயகம். தீர்ப்புச் சொல்பவர் அவர். அம்மா காபி கொண்டுவருவார். இங்கே பிரச்சினையைக் கண்டுபிடிப்பவரும், வழி யோசிப்பவரும், சில நேரம் தவறாக யோசித்து மாட்டிக்கொள்பவரும் அம்மா. பொதுமக்கள் ஒரு நலமான, முதிர்ந்த பெண்ணைத் திரையில் பார்க்க விரும்புகிறார்கள் என்பதைத் தொடர் நிரூபித்துவிட்டது என்று ரீட் பெருமையோடு சொன்னார். சிறுமியும் அல்லாத, மனம் பேதலித்தவளும் அல்லாத, கவர்ச்சிப் பொருளும் அல்லாத ஒரு பெண். நாற்பது படங்களில் தனக்குக் கிடைக்காத ஒன்றைத் தன் சொந்தத் தொடரில் உருவாக்கிக்கொண்டார் என்றுதான் நான் இதைப் படிக்கிறேன்.

திரையில் வீட்டை விட்டு வேலைக்குப் போகாத பெண்ணாக நடித்த அவர், அந்த எட்டு ஆண்டுகளும் நான்கு பிள்ளைகளின் தாயாக இருந்துகொண்டே படப்பிடிப்புத் தளத்தில் நீண்ட நாட்கள் உழைத்தார். ஆண்டுக்கு முப்பதுக்கும் மேற்பட்ட அத்தியாயங்கள். அனேகமாக ஒவ்வொரு காட்சியிலும் அவர்.

விருது எதுவும் கிடைத்ததா?

தொடர்ந்து நான்கு ஆண்டுகள் எம்மி விருதுக்குப் பரிந்துரை; ஒருமுறையும் வெல்லவில்லை. 1963-இல் கோல்டன் குளோப் கிடைத்தது.

தொடரில் நடித்த பிள்ளைகள் பிறகு என்ன ஆனார்கள்?

ஃபபரே பாடிய 'ஜானி ஏஞ்சல்' 1962-இல் அமெரிக்கப் பாடல் பட்டியலில் முதலிடம் பிடித்தது. பீட்டர்சனும் பாடகராகச் சில ஆண்டுகள் புகழோடு இருந்தார். புகழ் வடிந்தபின் குழந்தை நட்சத்திரங்கள் படும் பாட்டைத் தானே அனுபவித்து, 1990-இல் 'எ மைனர் கன்சிடரேஷன்' என்ற அமைப்பைத் தொடங்கிக் குழந்தை நடிகர்களின் உரிமைக்காகப் போராடினார். டோனா ரீடைப் பற்றி அவர் எப்போதும் நன்றியோடும் மரியாதையோடும் பேசியவர்.

1966-க்குப் பிறகு ஏன் காணாமல் போனார்?

திரையிலிருந்து விலகினார், பொதுவாழ்விலிருந்து விலகவில்லை. வியட்நாம் போர் தீவிரமடைந்த 1967-இல் 'அனதர் மதர் ஃபார் பீஸ்' என்ற தாய்மார் அமைப்பு உருவானது. தொடங்கியவர் பார்பரா ஏவ்டன். 'தி டோனா ரீட் ஷோ'வுக்குக் கதை எழுதியவர். ரீட் அதன் இணைத் தலைவரானார். "போர் குழந்தைகளுக்கும் பிற உயிர்களுக்கும் நல்லதல்ல" என்ற வாசகத்தைச் சூரியகாந்திப் பூவோடு அச்சிட்ட சுவரொட்டி உலகமெங்கும் பரவியது. அது இவர்கள் அமைப்பினுடையதுதான். அன்னையர் தினத்தன்று பரிசு வேண்டாம், போரை நிறுத்துங்கள் என்று நாடாளுமன்ற உறுப்பினர்களுக்கு வாழ்த்து அட்டைகளை அனுப்பினார்கள்.

ரீட் குடியரசுக் கட்சிப் பின்னணி கொண்டவர். 1964-இல் அக்கட்சியின் அதிபர் வேட்பாளர் பாரி கோல்ட்வாட்டரை ஆதரித்தவர். 1968-இல் போர் எதிர்ப்பாளரான ஜனநாயகக் கட்சியின் யூஜின் மெக்கார்த்தியை ஆதரித்தார். நாற்பத்தாறு, நாற்பத்தேழு வயதில், நாடே அம்மா என்று கொண்டாடும் பெயரைப் பணயம் வைத்து, தன் பழைய நிலைப்பாட்டிலிருந்து இவ்வளவு தூரம் நகர்வது எளிதல்ல. 1971-இல் ஓவெனோடு மணமுறிவு ஏற்பட்டது. 1974-இல் ஓய்வுபெற்ற ராணுவ அதிகாரி குரோவர் ஆஸ்மஸை மணந்தார்.

'டாலஸ்' தொடரில் என்ன நடந்தது?

எண்பதுகளில் உலகமே பார்த்த 'டாலஸ்' தொடரில், எண்ணெய்க் குடும்பத்தின் தாயான மிஸ் எல்லியாக பார்பரா பெல் கெடெஸ் நடித்துவந்தார். அவர் உடல்நலக் காரணத்தால் விலக, 1984-இல் ரீட் அந்த இடத்துக்கு வந்தார். ஒரு வேடத்தில் ஒருவரை ஏழு சீசன்களாகப் பார்த்துப் பழகிய ரசிகர்களுக்கு இன்னொரு முகத்தை ஏற்பது கடினமாக இருந்தது. அதில் ரீடின் குறை ஏதுமில்லை. மிஸ் எல்லியின் கரடுமுரடுக்கு அவர் அமைதி பொருந்தவில்லை என்பது உண்மை.

பெல் கெடெஸ் திரும்ப முடிவு செய்ததும், ஒப்பந்தம் மீதம் இருக்கும்போதே ரீடை நீக்கினார்கள். வெளிநாட்டில் இருந்த அவருக்கு அது செய்தியாகத்தான் வந்து சேர்ந்தது. பலர் பேசாமல் ஒதுங்கியிருப்பார்கள். அவர் தயாரிப்பு நிறுவனமான லொரிமார் மீது வழக்குத் தொடுத்தார். படப்பிடிப்பை நிறுத்தும்படி கேட்டதை நீதிமன்றம் ஏற்கவில்லை. ஆனால் 1985-இல் பத்து லட்சம் டாலருக்கும் மேல் கொடுத்து நிறுவனம் சமரசம் செய்துகொண்டது. 1941-இல் பெயரைக்கூடத் தேர்ந்தெடுக்க முடியாமல் ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டவர், அறுபத்து நான்கு வயதில் ஒப்பந்தம் என்றால் இரண்டு பக்கத்துக்கும்தான் என்று நிலைநாட்டினார்.

சில மாதங்களில் கணையப் புற்றுநோய் கண்டறியப்பட்டது. கண்டறிந்த சுமார் மூன்று மாதங்களில் பெவர்லி ஹில்ஸில் காலமானார்.

சொந்த ஊரில் அவருக்கு நினைவிடம் உண்டா?

டெனிசனில் அவர் பெயரில் நாடக அரங்கமும், கலைகளை ஊக்குவிக்கும் அறக்கட்டளையும் உருவாக்கப்பட்டன. அவருடைய ஆஸ்கர் சிலை ஊரின் மெக்ஹென்றி இல்லத்தில் வைக்கப்பட்டது. ஊரின் தண்ணீர்த் தொட்டியிலேயே 'இட்ஸ் எ ஒண்டர்ஃபுல் லைஃப்' என்று எழுதி வைத்திருக்கிறார்கள்.

புதிதாகப் பார்க்கிறவர் எங்கே தொடங்கலாம்?

எல்லோரும் கிறிஸ்துமஸ் படத்தைச் சொல்வார்கள். நான் 'ஃப்ரம் ஹியர் டு எடர்னிடி'யை முதலில் பார்க்கச் சொல்வேன். லொரீனைப் பார்த்தபின் மேரியைப் பார்த்தால், மேரியின் புன்னகைக்குள் இருக்கும் பிடிவாதம் உடனே கண்ணுக்குத் தெரியும். மூன்றாவதாக 'தே வேர் எக்ஸ்பெண்டபிள்'; அவர் வரும் நேரம் குறைவு, ஆனால் படம் முழுவதும் நல்ல படம். தொடரை முதல் அத்தியாயத்திலிருந்து வரிசையாகப் பார்க்க வேண்டியதில்லை. ஒவ்வோர் அத்தியாயமும் சுமார் இருபத்தைந்து நிமிடத்தில் முடியும் தனிக்கதைதான். இரண்டாவது சீசனிலிருந்து எடுங்கள், அங்கேதான் எழுத்தும் நடிகர்களும் ஒருவருக்கொருவர் பழகிக் கைகூடி வருகிறார்கள். 'தி ஃபார் ஹொரைசன்ஸ்' பக்கம் போக வேண்டாம்.